ஒருவேளைச் சோறும் ஒரு திரைக்கதையும்



தோட்டத்துத் திடலில் வெள்ளைத் திரை கட்டிப் படம் காட்டிய காலத்தில், யார் நடித்த படம் என்று கேட்டுக்கொண்டுதான் நாம் பாயைச் சுருட்டிக்கொண்டு கிளம்பினோம். கதை எழுதியவர் யார் என்று கேட்டவர்கள் எத்தனை பேர்? அப்படிப்பட்ட ஒருவரைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம். அவர் ஜப்பானியர். பெயர் ஷினோபு ஹாஷிமோட்டோ.

1918-ஆம் ஆண்டு ஹியோகோ மாநிலத்தில் பிறந்த அவர், 1938-இல் படையில் சேர்ந்தார். சேர்ந்த கொஞ்ச காலத்தில் காசநோய் கண்டது. நான்கு ஆண்டுகள் படைவீரர்களுக்கான மருத்துவ விடுதியில் கிடந்தார். அங்கே உடனிருந்த நோயாளி ஒருவர் படிக்கக் கொடுத்த சினிமா இதழில் ஒரு திரைக்கதை அச்சாகியிருந்தது. இவ்வளவுதானா, இதை நாமும் எழுதலாமே என்று அவருக்குத் தோன்றியது. இந்த நாட்டிலேயே இதில் சிறந்தவர் யார் என்று கேட்டார். மன்சாக்கு இத்தாமி என்று பதில் வந்தது. எழுதியதை அந்த இத்தாமிக்கே அனுப்பி வைத்தார்! முன்பின் அறியாத இளைஞருக்கு அவரும் மதித்துப் பதில் எழுதினார், மாணவராகவும் ஏற்றுக்கொண்டார். விடுதியை விட்டு வந்தபின் ஒரு நிறுவனத்தில் கணக்கு எழுதும் வேலை பார்த்துக்கொண்டே ஹாஷிமோட்டோ திரைக்கதை பழகினார்.

1946-இல் குரு மறைந்தார். மாணவர் எழுதி வைத்திருந்த ஒரு கதை மட்டும் கைமாறி, இயக்குநர் அகிரா குரோசாவாவிடம் போய்ச் சேர்ந்தது. ஒரே கொலையை ஆளுக்கொரு விதமாகச் சொல்லும் கதை அது. கொஞ்சம் சிறிதாக இருக்கிறதே என்றார் குரோசாவா. அதே எழுத்தாளரின் இன்னொரு சிறுகதையையும் சேர்க்கலாம் என்றார் ஹாஷிமோட்டோ. அதுதான் 1950-இல் வந்த 'ராஷோமோன்'. மறு ஆண்டு வெனிஸ் விழாவில் அது தங்கச் சிங்கப் பரிசைப் பெற்றபோதுதான் மேல்நாட்டார் பலர் ஜப்பானியப் படங்களைத் திரும்பிப் பார்த்தார்கள்.

அடுத்து ஒரு சாமுராயின், அதாவது வாளேந்திய போர்வீரனின், ஒருநாள் வாழ்க்கையைப் படமாக்க இருவரும் எண்ணினார்கள். கோட்டைக்கு வேலைக்குப் போகிறவன் பகலில் என்ன சாப்பிட்டான்? கட்டுச்சோறு கொண்டு போனானா? அக்காலத்தில் பகலுணவு என்பதே உண்டா? ஹாஷிமோட்டோ நூல்நிலையங்களில் தேடித் தேடிப் பார்த்தார். உறுதியான விடை கிடைக்கவில்லை. மாதக்கணக்கில் உழைத்ததைக் கைவிட்டார். குரோசாவாவுக்குக் கோபம் வந்தது. இருந்தாலும் ஊகித்து எழுத ஹாஷிமோட்டோ சம்மதிக்கவில்லை. அந்தப் பிடிவாதம் நமக்குப் பிடித்திருக்கிறது.

பிறகு வேறொரு கேள்வி வந்தது. ஊர் ஊராய் அலைந்த வீரர்கள் வயிற்றுக்கு என்ன செய்தார்கள்? இதற்கு விடை கிடைத்தது. கொள்ளையர் வராமல் இரவில் காவல் இருந்தால் கிராமத்தார் சோறும் படுக்க இடமும் கொடுத்தார்களாம். அப்படியானால், விவசாயிகளே வீரர்களைச் சோற்றுக்கு அமர்த்திக்கொண்டால்? 'ஏழு சாமுராய்' அங்கே பிறந்தது.

அத்தாமி என்ற ஊரின் விடுதியில் அடைந்துகிடந்து எழுதினார்கள். ஒரே காட்சியைக் குரோசாவாவும் ஹாஷிமோட்டோவும் தனித்தனியே எழுதுவார்கள். ஹிதேயோ ஓகுனி என்ற மூத்தவர் பேனாவைத் தொடமாட்டார். படித்துப் பார்த்துத் தீர்ப்பு மட்டும் சொல்லுவார். 1954-இல் வெளிவந்த அந்தப் படத்தில், அரிசியை வீரர்களுக்கு ஆக்கிப் போட்டுவிட்டு விவசாயிகள் சிறுதானியம் தின்கிறார்கள். வீரர்களின் தலைவர் முதலில் மறுக்கிறார். இதைக் கேள்விப்பட்டு, அந்தச் சோற்றுக் கிண்ணத்தைக் கையில் வாங்கிய பிறகுதான் இசைகிறார். சண்டைக் காட்சிகளை உலகம் புகழ்கிறது. ஆனால் கைக்கும் வாய்க்கும் எட்டாமல் வாழ்ந்த வீடுகளுக்கு அந்தக் கிண்ணமே போதும்.

1958-இல் தொலைக்காட்சிக்கென்று அவர் எழுதிய ஒரு நாடகத்தைச் சொல்லாமல் விட முடியாது. ஓர் ஏழை முடிதிருத்துபவர் படைக்கு இழுத்துச் செல்லப்படுகிறார். கைதியைக் குத்து என்று மேலதிகாரி உத்தரவிடுகிறார். நடுங்கிய கை சரியாகக் குத்தவும் இல்லை. போர் முடிந்தபின் அவரைப் போர்க்குற்றவாளி என்று தூக்கிலிடுகிறார்கள். மறுபிறவி உண்டென்றால் மனிதனாக வேண்டாம், கடலடியில் ஒரு சிப்பியாய்க் கிடக்கிறேன் என்று அவர் விரும்புவதே நாடகத்தின் முடிவு. தலைப்பும் அதுதான்.

ஜப்பான்காரன் காலத்தில், 1942, 43-இல், சயாம் மரண ரயில் பாதைக்குப் போய்த் திரும்பாதவர்கள் நம் தோட்டங்களில் எத்தனையோ பேர். ஆகவே இந்தக் கதையை நம் பெரியவர்கள் எளிதில் ஏற்கமாட்டார்கள். ஏற்க வேண்டும் என்று சொல்லவும் நாம் வரவில்லை. குத்துப்பட்ட கைதியின் துயரத்தை அது மிகக் குறைவாகவே பேசுகிறது. அது பெரிய குறைதான். ஆனாலும் உத்தரவிட்டவன் யார், கழுத்தைக் கொடுத்தவன் யார் என்ற கேள்வியை ஒரு ஜப்பானியரே தம் மக்களின் வீடுகளுக்குள் கொண்டுபோய் வைத்தார். 1959-இல் அதைத் தாமே இயக்கிப் படமாகவும் எடுத்தார்.

1962-இல் 'ஹராகிரி', 1974-இல் 'மணற்கோட்டை' என்று அவர் பேனா ஓடிக்கொண்டே இருந்தது. 2008-இல் சிப்பிக் கதையை மறுபடியும் படமாக்கியபோது, 90 வயதில் அவரே அதைத் திருத்தி எழுதிக் கொடுத்தார். காசநோயோடு படுத்த அந்த இளைஞர் காலமானது 2018 ஜூலையில், 100 வயதில்.