ஆசிரியர் கல்லூரியும் அரசின் அங்கீகாரமும்



நம் தோட்டப் பள்ளிகளில் ஒரு காலத்தில் கங்காணியாரும் கிராணியாரும்கூட ஆசிரியராய் அமர்ந்ததுண்டு. குறை அவர்களுடையதன்று, பயிற்சிக்கு வாய்ப்பே அரிது. பின்னர் இப்பினாங்கின் குளுகோரில் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரி எழுந்தது. 1969-இல் தோன்றிய பினாங்குப் பல்கலைக்கழகமே அக்கல்லூரியில் இடம் இரவல் பெற்றுத்தான் வகுப்புகளைத் தொடங்கிற்று!

இன்று தனியார் கல்லூரிகளும் கல்வித்துறைப் பட்டங்கள் அளிக்கின்றன. 1996-ஆம் ஆண்டுத் தனியார் உயர்கல்விச் சட்டப்படி, அமைச்சரின் ஒப்புதலும் பதிவும் இன்றி அவை இயங்கலாகாது. கல்லூரி பதிவு பெற்றிருந்தால் மட்டும் போதாது. பயிலும் பாடத்திற்கும் தனியே அங்கீகாரம் வேண்டும். அதனை 2007-இல் அமைந்த எம்.கியூ.ஏ. நிறுவனத்தின் பதிவேட்டில் காணலாம்.

பால்மரம் வெட்டிச் சேர்த்த வெள்ளியைச் செலுத்துமுன், இவ்விரண்டிற்கும் உரிய எண்களை எழுத்தில் கேளுங்கள். தரத் தயங்கினால், படிவத்தில் கையொப்பமிடாதீர்கள்.