கேடயமும் நடுகல்லும்

(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



இவ்வாண்டு விழாவில் வீரம் என்னும் பொருள் பற்றிச் சில சொல்லுமாறு செயலாளர் அவர்கள் எம்மைப் பணித்தார்கள். யாம் புலவர் அல்லோம். பள்ளி இறுதித் தேர்வோடு படிப்பு நின்றுபோனவர்களுள் ஒருவர். எனினும், எம் இளைய மகன் ஒருநாள் கேட்ட கேள்வி இந்த மேடையில் நிற்கும் துணிவைத் தந்தது. வரலாற்றுப் பாடப் புத்தகத்தில் கிரேக்கப் படையின் படம் ஒன்று இருந்தது. வட்டக் கேடயங்கள் ஒன்றோடொன்று தொட்டு நிற்க, அவற்றின் மேல் ஈட்டி முனைகள் வரிசையாகத் தெரிந்தன. “அப்பா, நம்மவர்களிடம் இப்படி ஒரு படை இருந்ததா?” என்றான். உண்டு என்று சொல்ல நா எழுந்தது. ஆயினும் அறியாமல் சொல்வது தகாது என்று அடங்கினோம். அதன்பின் படித்தவற்றின் பயனே இவ்வுரை.

முதலில் அந்தக் கிரேக்கரைப் பார்ப்போம். அவர்கள் அரண்மனைச் சோறு உண்டு வாழ்ந்த கூலிப்படையினர் அல்லர். ஏதென்ஸ் முதலிய நகரங்களில் சிறிது நிலமும் ஒரு ஏர் மாடும் உடைய குடியானவன், தன் சொந்தப் பொருளைச் செலவிட்டுப் போர்க்கருவி வாங்கிக் கொண்டான். வெண்கலத் தலைச்சீரா, மார்புக் கவசம், முழங்காற் கவசம், இரண்டு மீட்டருக்கு மேல் நீண்ட ஈட்டி, இடுப்பில் குறுவாள், இவை எல்லாவற்றிற்கும் மேலாகக் கேடயம். மொத்தச் சுமை இருபது முதல் முப்பது கிலோ வரை இருந்ததென்று முன்பு கணித்தனர். அண்மைக் காலத்தவர் சற்றுக் குறைப்பர். பார்சல் தராசின் அருகில் நாள்தோறும் நிற்கும் எமக்கு அந்த எடை நன்றாகத் தெரியும். அதை ஒரு போர்ட்டர் தலையிலே தூக்கி இரண்டு பிளாட்பாரம் கடப்பான். அதை உடலெங்கும் மாட்டிக் கொண்டு கோடை வெயிலில் ஓடிப் போர் செய்வது வேறு காரியம்.

கேடயத்தைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். நம் பேச்சின் உயிர்நிலை அதில்தான் இருக்கிறது. அது மரத்தாற் செய்து வெண்கலம் போர்த்திய வட்டம். குறுக்களவு ஏறத்தாழத் தொண்ணூறு சென்டிமீட்டர். நடுவில் முழங்கை வரை நுழையும் ஒரு பட்டை, விளிம்பில் கைப்பிடி. இப்படி மாட்டினால் கேடயத்தின் வலப்பாதிதான் உடையவனை மூடும். இடப்பாதி அவன் உடம்பைத் தாண்டி வெளியே நீண்டு நிற்கும். அதனால் யாருக்குப் பயன்? இடப்பக்கம் நிற்பவனுக்கு! ஒவ்வொருவனும் தன் வலப்பக்கத்தை வலத்தே நிற்பவன் கேடயத்துக்கு ஒப்படைத்துவிட்டு, தன் கேடயத்தில் ஒரு பகுதியை இடத்தே நிற்பவனுக்குக் கொடுத்தான். எட்டு வரிசை ஆழமாக இவ்வாறு நெருங்கி நின்றனர்.

மனித மனம் எங்கும் ஒன்றே. துசிடிடீஸ் என்னும் வரலாற்றாசிரியர், கி.மு. 418இல் மாண்டினியா என்னுமிடத்தில் நடந்த போரைக் கூறுகையில் ஒரு நுட்பம் சொல்கிறார். படை முன்னேறும்போது ஒவ்வொருவனும் தன் மூடப்படாத வலப்பக்கத்துக்கு அஞ்சி, வலத்தே நிற்பவனின் கேடயத்தை நோக்கிச் சிறிது சிறிதாக ஒதுங்குவான். அதனால் படை முழுவதுமே வலப்புறம் சாய்ந்துகொண்டே போகும் என்கிறார். காலை நேரத்தில் டிக்கெட் சன்னல் முன் நிற்கும் வரிசையைப் பார்த்தவர்கள் இதை நம்புவார்கள். அந்த அச்சத்தையும் அடக்கிக்கொண்டு இடம் பெயராமல் நிற்பதே அவர்களின் வீரம். வரிசைகள் மோதியபின் உண்மையிலேயே பின்னிருந்து தள்ளினார்களா, ஈட்டிச் சண்டை மட்டும்தானா என்று அறிஞர்கள் இன்றும் வாதிடுகின்றனர். அவ்வாதத்தில் நமக்கு இடமில்லை.

அவர்களிடையே பெரிய இழிசொல் ஒன்று உண்டு: ‘கேடயத்தை எறிந்தவன்’ என்பது. ஸ்பார்த்தாவின் அரசனான டெமரேட்டஸிடம், தலைச்சீராவை இழந்தவனை விட்டுவிட்டுக் கேடயத்தை இழந்தவனை மட்டும் ஏன் பழிக்கிறீர்கள் என்று கேட்டார்களாம். தலைச்சீரா தனக்காக அணிவது, கேடயமோ வரிசை முழுவதற்காகவும் ஏந்துவது என்றானாம் அவன். இது புளூட்டார்க் எழுதிவைத்த செய்தி.

நம் பழந்தமிழர்க்குப் பெரிய பழி எது? புறப்புண். வெண்ணிப் போரில் முதுகிற் பட்ட புண்ணுக்கு நாணிச் சேரமான் பெருஞ்சேரலாதன் வடக்கிருந்து உயிர் துறந்தது நாம் அறிந்த வரலாறு. அவன் நாணியது தன் பேர் மாசுற்றதே என்பதற்காக. கிரேக்கன் நாணியது பக்கத்தில் நின்றவனைக் கைவிட்டதற்காக. இரண்டும் மானமே. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. இவ்விடத்தில் ஸ்பார்த்தாத் தாயையும் புறநானூற்றுத் தாயையும் ஒப்பிட்டுக் கைதட்டல் பெறுவது வழக்கம். அதை நீங்கள் பலமுறை கேட்டிருப்பீர்கள், யாம் விட்டுவிடுகிறோம்.

இந்திய நாட்டுக் காலாளின் கருவியும் வேறு. அலெக்சாந்தரோடு வந்த நியார்க்கஸ் கண்டதை வைத்து ஆரியன் என்னும் ஆசிரியர் எழுதியுள்ளார்: இந்நாட்டுக் காலாள் தன் உயரமே உள்ள வில்லைக் காலால் மிதித்து நாணேற்றினான், பதனிடாத மாட்டுத் தோலாலான, ஆளைவிடச் சற்றே சிறிய கேடயம் பிடித்தான் என்று. அவர் கண்டது வடமேற்கு நாட்டை. ஆனாலும் நம் பழைய நூல்களில் கேடயத்துக்குத் ‘தோல்’ என்றே பெயர் வழங்குவதை எண்ணிப் பாருங்கள். நம் நாட்டுப் படைக்கு வலிமை யானை. கி.மு. 326இல் ஜீலம் நதிக்கரையில் போரஸ் மன்னனின் யானைகள் மாசிடோனியரின் ஈட்டி வரிசையில் புகுந்து மிதித்தன. அவ்வரிசையோ கலைந்தும் கூடியும் நின்று, பாகர்களையும் யானைகளையும் காயப்படுத்தியது. இறுதியில் வெருண்ட யானைகள் நண்பர் பகைவர் என்று பாராமல் மிதித்ததால் போரஸ் தோற்றான். காலாள் யானையின் எதிரே நிற்பது எவ்வளவு கொடியது என்பதை மறவாதீர்கள். நம் பெங்களூருக்கு வரும்போது அது வேண்டியிருக்கும்.

நம்மிடம் வரிசையாக நின்றவன் இல்லையா? தொல்காப்பியம் தும்பைத் திணையில் ‘எருமை’ என்றொரு துறை கூறுகிறது. தன் படை உடைந்து ஓடும்போது, கூழை எனப்படும் பின்னணியில் ஒருவன் மட்டும் எருமை போல் அசையாது நின்று பகைவரைத் தாங்குவது. புலியென்றும் சிங்கமென்றும் சொல்லாமல் எருமை என்றார்களே, அந்த உண்மையை யாம் மிகவும் விரும்புகிறோம். அவன் நின்றதால்தான் முன்னே ஓடியவர்கள் வீடு சேர்ந்தார்கள்.

இத்தகையவர்களுக்கே கல் நட்டார்கள். தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் தமிழ்ப் பிராமி எழுத்துடன் கிடைத்த நடுகற்களுள் ஒன்று, கூடலூர் ஆகோளில் இறந்த அந்தவன் என்பவனுக்குரியது. கிறிஸ்துவுக்கு முற்பட்டது என்பர். செங்கம் பகுதியில் பல்லவர் காலக் கற்கள் பல. எல்லாவற்றிலும் பெரும்பாலும் ஒரே கதை. கள்வர் அல்லது பகைவர் ஊர் மாட்டைக் கவர்ந்தனர். ஒருவன் ‘தொறு’ மீட்டுப் பட்டான். அவன் பெயர், ஊர், அரசனின் ஆட்சியாண்டு. எடுத்தனூரில் முதலாம் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆண்டுக் கல்லில் வீரனோடு அவன் நாயும் நிற்கிறது. கோவிவன் என்பது அதன் பெயர். இரு கள்ளரைக் கடித்ததாம். ஏதென்ஸ் நகரத்தார் போரில் இறந்தோர் பெயர்களைக் குலவாரியாகப் பத்தி பத்தியாக வெட்டி வைத்தனர். தந்தை பெயர் கூட அங்கே பெரும்பாலும் இல்லை. நம்மவர் ஒரு நாயின் பெயரையும் விடவில்லை. இதில் யார் உயர்ந்தவர் என்று தீர்ப்புச் சொல்ல யாம் துணியோம்.

கூட்டமாக நின்ற தமிழ்ப் படையும் உண்டு. தஞ்சைப் பெரிய கோயிற் கல்வெட்டுக்களில் சோழரின் படைப்பிரிவுகள் பெயர் பெயராக வருகின்றன. அவற்றுள் வேளைக்காரர் என்போர், வேளை வந்தபோது உயிர் கொடுப்பதாக ஆணையிட்டவர்கள் என்று பொருள் கூறுவர். அவர்களே இலங்கையிலும் பணி செய்தனர். விசயபாகு மன்னன் சோழருக்கெதிராகப் படை அனுப்ப முனைந்தபோது மறுத்துக் கலகம் செய்து, அரண்மனைக்குத் தீயிட்டுத் தண்டனையும் பெற்றனர். ஆதலால் அவர்களைக் குறையற்றோர் எனல் ஆகாது. எனினும் பொலன்னறுவையில் அவர்கள் பொறித்த தமிழ்க் கல்வெட்டு ஒன்று இன்றும் உள்ளது. அம்மன்னன் மறைந்தபின், புத்தர் பல் வைத்த கோயிலைக் காப்பதாக எல்லாப் பிரிவினரும் கூடி ஆணையிட்டுப் பொறித்தது. வலங்கை, இடங்கை, வடுகர், மலையாளர் என்று பல பெயர்கள் அதில் வருகின்றன. பல மொழியார் ஒரே வரிசை. அயல் நாட்டு மண். அயல் சமயக் கோயில். கி.மு. 401இல் பாரசீகத்தின் நடுவே தலைவர்களை இழந்த பதினாயிரம் கிரேக்கர் கூட்டம் கூடிப் புதுத் தலைவரைத் தேர்ந்து வீடு திரும்பியதை உலகம் புகழ்கிறது. இந்தக் கல்வெட்டை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

இனி நம் ஊர். கஸ்தூர்பா ரோட்டு அரசு அருங்காட்சியகத்தில் பேகூரிலிருந்து கொண்டுவந்த பெரிய வீரக்கல் இருக்கிறது. குதிரையும் யானையும் காலாளும் கலந்து பொரும் காட்சியை அதில் செதுக்கியுள்ளனர். கங்க மன்னன் எறெயப்பனின் ஏவலால் நாகத்தரன் என்பவன், வீர மகேந்திரனை எதிர்த்த ஐயப்பதேவனுக்குத் துணையாகச் சென்று, தும்பெபாடியில் யானைப் படையோடு பொருது மடிந்தான். அதைக் கேட்ட மன்னன் அவன் பட்டத்தையும் பேகூர் பன்னிரண்டையும் இருகன் என்பவனுக்கு அளித்தான் என்று பழங்கன்னட எழுத்துக் கூறுகிறது. (தும்பெபாடியில் தும்பைப் பூ மணக்கிறது என்று நம் புலவர்கள் சொல்லக்கூடும், யாம் அவ்வளவு தூரம் போகவில்லை.)

அதைவிடச் சிறிய கல் ஒன்று பேகூர் நாகேசுவரர் கோயிலிலேயே உள்ளது. கி.பி. 900ஐ ஒட்டியது. நாகத்தரனைச் சேர்ந்த புட்டண செட்டி பெங்களூர்ப் போரில் இறந்தான் என்பது செய்தி. இந்நகரின் பெயர் இவ்வளவு பழமையாகக் கிடைப்பது அந்தக் கல்லில்தான். வெந்த அவரையிலிருந்து இவ்வூர்ப் பெயர் வந்தது என்னும் கதையில் வரும் வீரவல்லாளன் பிறப்பதற்கு இருநூறாண்டுகளுக்கு மேல் முற்பட்டது. நாம் தினமும் கார்டிலும் கடிதத்திலும் எழுதும் ஊர்ப் பெயர், ஒரு வீரனின் சாவுக் குறிப்பாக முதலில் எழுதப்பட்டிருக்கிறது!

சென்ற பொங்கல் விடுமுறையில் மக்களை அழைத்துக்கொண்டு பேகூர் போனோம். எம் மகள் பள்ளியில் கன்னடம் படிப்பவள். ஆனால் அந்தப் பழைய எழுத்து அவளுக்கும் பிடிபடவில்லை. கோயிலில் இருந்த பெரியவர் ஒருவர், அக்கல்லில் ஊர்ப் பெயர் இருக்கும் இடத்தை விரலால் தடவிக் காட்டினார். கன்னட வீரக்கற்களில் மாடு கவர்வதைத் ‘துறுகோள்’ என்பார்கள் என்றும், துறு என்றால் மாடு என்றும் சொன்னார். எங்கள் நாட்டுக் கல்லில் ‘தொறு’ என்று இருக்கிறது என்றோம். அவர் சிரித்து, “மாடு போன வழி ஒன்றுதானே!” என்றார்.

வீடு திரும்பியபின்தான் நம் காலனிக்குப் பின்னால் வாய்க்கால் ஓரம் கிடந்த கல் நினைவுக்கு வந்தது. மூத்தோர் பலர் அறிவீர்கள். நம் வீட்டுப் பெண்டிர் அதில் துணி துவைத்தனர். பிள்ளைகள் அதையே ஸ்டம்பாக வைத்துக் கிரிக்கெட் ஆடினர். ஒரு கையில் வில்லும் இடையில் கத்தியுமாக ஒரு ஆள், மேலே இரு பெண்கள் அவன் தோளைத் தாங்கிச் செல்வது போல் உருவம். கீழே போர், நடுவில் அரம்பையர், மேலே சிவலிங்கம் என்ற வீரக்கல் அமைப்பை அப்போது யாம் அறியோம். வாய்க்கால் வேலை நடந்தபோது உடைந்த கற்களோடு அதையும் லாரியில் ஏற்றினார்கள். யாம் வாயிலில் நின்று பார்த்தோம். ஒரு சொல்லும் சொல்லவில்லை. கேடயத்தை எறிந்தவர் வரிசையில் எம் பெயரையும் எழுதிக் கொள்ளலாம்.

மைசூர் சமஸ்தானத்தில் ரைஸ் துரை இந்த மாவட்டக் கல்வெட்டுக்களைத் தொகுத்து 1905இல் நூலாக்கினார். அதில் குறித்த கற்கள் பல இன்று இடத்தில் இல்லை. 2021 முதல் மிதிக் சொசைட்டியார் எஞ்சிய கற்களைத் தேடி ஒளிக்கருவியால் முப்பரிமாணப் படியெடுத்து வருகின்றனர். உங்கள் தெருவில், கோயில் பின்புறத்தில், மரத்தடியில் எழுத்தோ உருவமோ உள்ள கல் கிடந்தால் அதன் இடத்தைக் குறித்துச் சங்கச் செயலாளரிடம் கொடுங்கள்; அவர்களுக்கு அனுப்புவோம். அந்த லாரி மண்ணைக் கொட்டிய இடம் அறிந்தவர்கள் எவரேனும் உளரேல், இன்றே விழா முடிந்ததும் எம்மிடம் சொல்லக் கேட்டுக்கொள்கிறோம். யாம் கடைசி வரிசையில் அமர்ந்திருப்போம்.