காவலும் உரிமையும்

ஒற்றரை அரசனுடைய கண் என்று நம் முன்னோர் கூறினர். கண்ணில்லாத அரசு இடறி விழும் என்பதில் ஐயமில்லை. ஆனால், அந்தக் கண் யாரை நோக்கலாம், எவ்வளவு நோக்கலாம், அந்தக் கண்ணைக் கண்காணிப்பவர் யார் என்னும் கேள்விகள் மக்களாட்சி மலர்ந்த பிறகே கூர்மை பெற்றன. இவற்றுக்கு ஏட்டிலிருந்து விடை கூறுவதைக் காட்டிலும், ஒருவருடைய வாழ்க்கையிலிருந்து விடை தேடுவது உங்களுக்குப் பயன்படும் என்று எண்ணுகிறேன். பிரிட்டனின் உள்நாட்டு உளவு இலாகாவுக்குத் தலைமை வகித்து, ஓய்வு பெற்றபின் பொதுப்பணியில் புகுந்த எலைசா மானிங்காம் புல்லர் அம்மையாரின் வாழ்க்கையே அது.

முதலில் அந்த இலாகாவைப் பற்றிச் சிறிது அறிந்துகொள்வோம். எம்.ஐ.5 என்று உலகம் அழைக்கும் அது, 1909-இல் வெர்னன் கெல் என்னும் இராணுவ அதிகாரியின் பொறுப்பில் தோன்றியது. நாட்டினுள் புகுந்த அந்நிய ஒற்றரைக் கண்டறிவதே அதன் முதல் வேலை. வெளிநாடுகளில் உளவறிதல் எம்.ஐ.6 என்னும் வேறோர் இலாகாவைச் சேர்ந்தது. எம்.ஐ.5 அதிகாரிகள் ஒருவரைக் கண்காணிக்கலாம். ஆனால் கைது செய்ய அவர்களுக்கு அதிகாரம் இல்லை. கைது செய்வது போலீசாரின் கடமை. தண்டிப்பது நீதிமன்றத்தின் கடமை. ஏறத்தாழ 80 ஆண்டுக் காலம் இந்த இலாகா தனக்கென ஒரு சட்டம் இன்றியே இயங்கிற்று. 1989-ஆம் ஆண்டுச் சட்டமே அதற்கு வரம்பு கட்டியது. அதன் தலைவர் இன்னார் என்று அரசாங்கம் முதன்முதலாக வெளிப்படையாக அறிவித்தது, 1992-இல் ஸ்டெல்லா ரிமிங்டன் அம்மையார் பதவிக்கு வந்ததை ஒட்டித்தான். அப்பதவியை வகித்த இரண்டாவது பெண்மணியே எலைசா அம்மையார்.

அவர் 1948-இல் பிறந்தவர். தந்தையார் ரெஜினால்ட் மானிங்காம் புல்லர், அரசாங்கத்தின் தலைமை வழக்கறிஞராக இருந்து, 1961-இல் சோவியத் ஒற்றன் ஜார்ஜ் பிளேக்கின்மீது வழக்கு நடத்தியவர். தாயாரோ, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் செய்தி சுமந்து வரும் புறாக்களைப் பழக்கியவர். ஆக்ஸ்போர்டில் ஆங்கில இலக்கியம் பயின்ற எலைசா அம்மையார், 1971 முதல் மூன்று ஆண்டுகள் லண்டனில் ஒரு பெண்கள் பள்ளியில் ஆசிரியையாகப் பணிபுரிந்தார். ஆயுள் முழுவதும் ஆசிரியனாகவே கழித்த எனக்கு இச்செய்தி தனி மகிழ்ச்சி அளித்தது. வகுப்பில் எவன் படித்து வந்திருக்கிறான், எவன் படித்தவன்போல் நடிக்கிறான் என்று முகத்தைக் கண்டே அறியப் பழகியவர், உளவு வேலைக்குப் பாதித் தகுதி பெற்றுவிட்டார் அல்லவா!

1974-இல் அவர் எம்.ஐ.5-இல் சேர்ந்தார். சோவியத் அணியைச் சேர்ந்த நாடுகளின் தூதரகத் தொலைபேசிப் பேச்சுக்களைக் கேட்டு எழுத்தில் வடிப்பதே அவருக்குக் கிடைத்த முதல் வேலை. பெண்களுக்கு அங்கே உயர்பதவி எளிதில் கிட்டாத காலம் அது. பொறுமையும் நாவடக்கமும் அவரை மெல்ல மெல்ல உயர்த்தின.

அந்த நாவடக்கத்துக்கு ஒரு சோதனையும் வந்தது. சோவியத் உளவுத் துறையான கே.ஜி.பி.யின் அதிகாரி ஓலெக் கார்டியெவ்ஸ்கி, பல ஆண்டுகளாக இரகசியமாகப் பிரிட்டனுக்கு உதவி வந்தார். 1982-இல் அவர் லண்டன் தூதரகத்துக்கு மாற்றப்பட்டார். எம்.ஐ.5-இல் இந்த உண்மையை அறிந்திருந்த மிகச் சிலருள் எலைசா அம்மையாரும் ஒருவர். அச்சமயத்தில் அதே இலாகாவில் பணிபுரிந்த மைக்கேல் பெட்டனி என்பவர், தம் நாட்டு இரகசியங்களைச் சோவியத் தூதரகத்துக்குக் கொடுக்க முன்வந்தார். பக்கத்து அறையில் இருந்தவர் காதில் ஒரு சொல் விழுந்திருந்தாலும் கார்டியெவ்ஸ்கியின் உயிர் போயிருக்கும். சொல் விழவில்லை. பெட்டனி பிடிபட்டு, 1984-இல் 23 ஆண்டுச் சிறைத் தண்டனை பெற்றார். கார்டியெவ்ஸ்கி 1985-இல் மாஸ்கோவிலிருந்து தப்பிப் பிரிட்டனை அடைந்தார்.

1992-இல், ஐரிஷ் குடியரசுப் படையினர் பிரிட்டனில் நடத்திய குண்டுவெடிப்புக்களைத் தடுக்கும் தலைமைப் பொறுப்பு லண்டன் போலீசாரிடமிருந்து எம்.ஐ.5-க்கு மாற்றப்பட்டது. அப்பணிக்கென அமைந்த புதிய பிரிவுக்கு அம்மையார் தலைமை ஏற்றார். 1997-இல் துணைத் தலைவரானார். 2001 செப்டம்பர் 11-ஆம் நாள் அமெரிக்காவில் நிகழ்ந்த பெருந்தாக்குதலுக்கு மறுநாள், வாஷிங்டனுக்கு விமானத்தில் சென்ற பிரிட்டிஷ் அதிகாரிகளுள் அவரும் ஒருவர். 2002 அக்டோபரில் இலாகாவின் தலைவரானார்.

மாணவர்களே, இதுவரை கூறியது ஒரு திறமைசாலியின் உயர்வு. இனிக் கூறப்போவதே முக்கியமானது.

2005 ஜூலை 7-ஆம் நாள் காலை, நால்வர் லண்டன் நகரின் மூன்று சுரங்க ரயில்களிலும் ஒரு பேருந்திலும் குண்டு வெடித்துத் தாமும் மாண்டனர். அவர்களால் கொல்லப்பட்டவர் 52 பேர், காயமுற்றவர் நூற்றுக்கணக்கானோர். அந்த நால்வரில் இருவர், முந்திய ஆண்டு வேறொரு சதியைத் துப்பறிந்தபோது எம்.ஐ.5-இன் பார்வையில் தற்செயலாகப் பட்டவர்கள் என்று பின்னர்த் தெரிந்தது. அவர்களைத் தொடர்ந்து கவனிக்க ஆள் இல்லை. அவர்களைவிட ஆபத்தானவராகத் தோன்றியவர்கள் பலர் இருந்தனர். ஓராண்டு கழித்து 2006 நவம்பரில் அம்மையார் ஆற்றிய உரையில், தம் இலாகா 200 குழுக்களையும் 1,600 நபர்களையும் கண்காணிப்பதாகக் கூறினார். ஒருவரை இரவும் பகலும் தொடர்வதற்கே பலர் வேண்டும் என்றால், 1,600 பேரைத் தொடர்வது எங்ஙனம்? எவரைத் தொடர்வது, எவரை விடுவது என்று நாள்தோறும் தேர்ந்தெடுப்பதே அவ்வேலையின் இயல்பு. தேர்வு தவறினால் உயிர்கள் போகும். அந்தச் சுமையோடு 33 ஆண்டுப் பணியை முடித்து, 2007 ஏப்ரலில் அவர் ஓய்வு பெற்றார்.

மறு ஆண்டு அவர் எக்கட்சியையும் சாராத உறுப்பினராகப் பிரபுக்கள் சபையில் அமர்த்தப்பட்டார். அச்சமயம் ஒரு மசோதா நாட்டைக் கலக்கிக்கொண்டிருந்தது. பயங்கரவாதச் சந்தேகத்தின் பேரில் கைதான ஒருவரை, குற்றம் இன்னதென்று சாட்டாமலே 28 நாள் வரை காவலில் வைக்க அப்போதைய சட்டம் இடமளித்தது. அதனை 42 நாளாக உயர்த்த அரசாங்கம் விரும்பிற்று. காமன்ஸ் சபையில் அம்மசோதா 9 வாக்கு வித்தியாசத்தில் நிறைவேறியது. பிரபுக்கள் சபையில் விவாதம் நடந்த நாள் 2008 ஜூலை 8. லண்டன் குண்டுவெடிப்பின் மூன்றாம் ஆண்டு நினைவு நாளுக்கு மறுநாள். எலைசா அம்மையார் தம் கன்னிப்பேச்சை நிகழ்த்த எழுந்தார்.

52 பேரின் மரணத்தைத் தம் பதவிக் காலத்தில் கண்டவர் என்ன சொல்வார்? இன்னும் அதிக அதிகாரம் தேவை என்றுதானே பலரும் எதிர்பார்த்திருப்பர்? அவர் அவ்வாறு சொல்லவில்லை. முழுமையான பாதுகாப்பு என்று உலகில் ஒன்று இல்லை. முன்னோர் பாடுபட்டுப் பெற்ற உரிமைகளோ விலைமதிப்பற்றவை. ஆகவே கொள்கை அளவிலேயே இம்மசோதாவை ஆதரிக்க இயலாது என்று கூறினார். கன்னிப்பேச்சில் சர்ச்சைக்குரியவற்றைத் தவிர்ப்பது அச்சபையின் மரபு. அவர் மரபைவிடக் கடமையைப் பெரிதாக மதித்தார். அவ்வாண்டு அக்டோபர் 13-ஆம் நாள் பிரபுக்கள் சபை, 309-க்கு 118 என்ற வாக்குக்களால் 42 நாள் திட்டத்தை நிராகரித்தது. அன்று மாலையே அரசாங்கம் அத்திட்டத்தைக் கைவிட்டது. 2011-இல் அந்த 28 நாளும் குறைந்து 14 நாளாயிற்று.

குற்றம் சாட்டாமல் அடைத்து வைப்பதில் என்ன பெரிய தீங்கு என்று உங்களில் சிலர் கேட்கலாம். என் அனுபவம் ஒன்றைச் சொல்கிறேன். ஆசிரியப் பயிற்சி முடித்து நான் வேலையில் சேர்ந்த இரண்டாம் ஆண்டு. வகுப்பில் வசூலித்த பரீட்சைக் கட்டணத்தில் 50 ரூபாய் குறைந்தது. எடுத்தவன் ஒப்புக்கொள்ளும்வரை ஒருவரும் வீட்டுக்குப் போகக்கூடாது என்று 38 பிள்ளைகளையும் மாலை மணி அடித்த பிறகும் நிறுத்தி வைத்தேன். இருட்டத் தொடங்கிய வேளையில், கடைசிப் பெஞ்சில் இருந்த ஒரு பையன் எழுந்து, “நான்தான் எடுத்தேன், ஐயா” என்றான். துப்புத் துலக்கிய பெருமிதத்தோடு வீடு திரும்பினேன். மறுநாள் காலை, வருகைப் பதிவேட்டின் அட்டைக்கும் உறைக்கும் இடையே அந்த 50 ரூபாய் இருந்தது! பையனைத் தனியே அழைத்து, “செய்யாததை ஏனப்பா செய்ததாகச் சொன்னாய்?” என்று கேட்டேன். “தங்கை வீட்டில் தனியாக இருப்பாள், ஐயா. எப்படியாவது போக வேண்டியிருந்தது” என்றான். அந்தப் பையனிடம் அன்று நான் மன்னிப்புக் கேட்டேன். கதவை அடைத்துப் பெறும் உண்மை எத்தகையது என்பதை எனக்குக் கற்பித்தவன் அவனே.

எலைசா அம்மையாரும் இதனை வேறு வகையில் கூறினார். 1948 முதல் பி.பி.சி. வானொலி ஆண்டுதோறும் நடத்தி வரும் ரீத் சொற்பொழிவுகளில், 2011-ஆம் ஆண்டு மூன்றை அவர் ஆற்றினார். சித்திரவதை எந்நிலையிலும் தவறு, அதனால் உயிர்கள் காக்கப்படும் என்று வாதிட்டாலும் தவறே என்று வானொலி வாயிலாக உலகறியச் சொன்னார். அதற்கு முந்திய ஆண்டு, ஈராக் போரைப் பற்றிய விசாரணைக் குழுவின் முன் சாட்சியம் அளித்தபோதும் அவர் தயங்கவில்லை. அப்போர் பிரிட்டனுக்கு இருந்த அபாயத்தைக் கணிசமாகப் பெருக்கிற்று என்று, தாம் பணிபுரிந்த அரசாங்கத்துக்கு உவப்பல்லாத உண்மையைக் கூறினார்.

இங்கே ஒன்றை மறைத்தல் நேர்மையாகாது. 2001 முதல் 2010 வரை அமெரிக்கர் தம் கைதிகளைக் கொடுமைப்படுத்தியதைப் பிரிட்டிஷ் உளவுத் துறைகள் சகித்துக்கொண்டன, அது மன்னிக்கத்தக்கதன்று என்று பாராளுமன்றக் குழு ஒன்று 2018-இல் தீர்ப்புரைத்தது. அம்மையாரின் பதவிக் காலமும் அதில் அடங்கும். பிற்காலத்துச் சொல் முற்காலத்துப் பொறுப்பை முற்றும் நீக்கிவிடாது. ஆயினும், பதவி விட்டவர் பலர் பழைய செயல்களுக்கு நியாயம் தேடுவதிலேயே காலங்கழிக்க, இவர் தம் அனுபவத்தை அதிகாரத்துக்கு வரம்பு கட்டப் பயன்படுத்தினார். அதுவே இவருடைய சிறப்பு.

அவருடைய பொதுப்பணி சபையோடு நிற்கவில்லை. 2011 முதல் 2015 வரை லண்டன் இம்பீரியல் கல்லூரியின் ஆட்சிக்குழுத் தலைவராக இருந்தார். பிறகு 2021 வரை, வெல்கம் அறநிலையத்தின் தலைவராக விளங்கினார். அப்பதவிக்கு வந்த முதல் பெண்மணி அவரே. மருந்து வணிகத்தில் பெரும் பொருள் ஈட்டிய ஹென்றி வெல்கம், 1936-இல் இறந்தபோது எழுதிவைத்த உயிலால் உண்டான அறநிலையம் அது; உலகெங்கும் மருத்துவ ஆராய்ச்சிக்குப் பொருள் வழங்குவது. கொள்ளை நோய்களுக்குத் தடுப்பு மருந்துகளை முன்கூட்டியே ஆராய, 2017-இல் நம் இந்திய அரசாங்கமும் நார்வே அரசாங்கமும் பிறரும் சேர்ந்து ஒரு கூட்டமைப்பைத் தொடங்கியபோது, இந்த அறநிலையமும் அதில் பங்கு கொண்டது. மூன்றாண்டுக்குள் கொரோனா நோய் உலகைச் சூழ்ந்தபோது அந்த முன்யோசனையின் அருமை விளங்கிற்று. வரக்கூடிய கேட்டை முன்னரே உணர்ந்து காப்பது உளவுத் துறையின் வேலை. மருத்துவ ஆராய்ச்சியின் வேலையும் அதுவே. ஒன்றில் கதவுகள் மூடியிருக்கும். மற்றொன்றில், கண்டதை எல்லாம் உலகுக்குத் திறந்து காட்ட வேண்டும். இரண்டு இடத்திலும் அவர் தொண்டாற்றினார்.

மாணவ நண்பர்களே, உங்களுள் சிலர் நாளை காவல்துறை அதிகாரிகளாகலாம், நீதிபதிகளாகலாம், சட்டம் இயற்றும் சபையில் அமரலாம். அச்சம் நாட்டைப் பிடித்தாட்டும் ஒரு நாள் உங்கள் காலத்திலும் வரும். அன்று, “இன்னும் சிறிது அதிகாரம் தாருங்கள், உங்களைக் காக்கிறோம்” என்று ஒரு குரல் கேட்கும். அக்குரல் கெட்ட எண்ணத்தோடு எழுவது என்று நான் சொல்ல மாட்டேன். பெரும்பாலும் அது நல்லெண்ணத்தோடுதான் எழும். அன்று மாலை நானும் நல்லெண்ணத்தோடுதான் வகுப்பறைக் கதவை அடைத்தேன். கதவை அடைக்குமுன், உள்ளே இருப்பவர்களில் குற்றமற்றவர் எத்தனை பேர், வீட்டில் அவர்களுக்காகக் காத்திருப்பவர் யார் என்று ஒரு கணம் எண்ணிப் பாருங்கள். அவ்வாறு எண்ணுபவர் கையில் அதிகாரம் இருக்கும்வரை, நாட்டின் காவலும் நிலைக்கும். மக்களின் உரிமையும் நிலைக்கும்.