4% கூடுதல் லாபம், ஆனா வாங்க ஆள் எங்கே?

நிறைய பேர் அனுப்பின கேள்வி இது: "புதுசா வந்த சின்ன இ.டி.எஃப். ஒரு வருஷத்துல நிஃப்டியை விட 4% அதிகம் கொடுத்திருக்கு. போடலாமா?"

அதே ஆசையில நானும் ஒண்ணு வாங்கினேன். வீட்டு அட்வான்ஸ் கட்ட அவசரமா விக்கப் போனா, உள்ளே இருக்கிற பங்குகளோட மதிப்பு, அதாவது ஐ.என்.ஏ.வி., யூனிட்டுக்கு 100 ரூபாய். வாங்க வந்தவர் கேட்டது 97. அதுவும் 40 யூனிட்டுக்குத்தான். அடுத்த ஆள் 95.50! வேற வழியில்லாம வித்தேன். அந்த 4% அங்கேயே கரைஞ்சு போச்சு.

ஃபண்ட் கம்பெனிகிட்டயே நேரா கொடுத்துடலாமேன்னா, செபி விதிப்படி வழக்கமா 25 கோடிக்கு மேல இருக்கணும். நம்மகிட்ட ஏது?

இப்பல்லாம் ரிட்டர்னுக்கு முன்னாடி மார்க்கெட் டெப்த்தைத்தான் திறப்பேன். வாங்குற விலைக்கும் விக்கிற விலைக்கும் இடைவெளி அரை சதவீதத்தைத் தாண்டினா கிட்டவே போறதில்லை. சந்தை சரியுற அன்னைக்கு அது இன்னும் விரியும். போட்டாலும் லிமிட் ஆர்டர்தான். அதே இன்டெக்ஸுக்கு சாதாரண இன்டெக்ஸ் ஃபண்ட் இருந்தா, அதுலயே போட்டுடுறேன். அங்கே என்.ஏ.வி. விலைக்கு கம்பெனியே திருப்பி எடுத்துக்கும். ஆள் தேட வேண்டியதில்லை.