இரைச்சலும் இசையும்



நகரத்து இரைச்சலில் கவிதை பிறக்குமோ என்று சென்ற அமர்வில் நம் கவிஞர் ஒருவர் ஐயுற்றார். அவ்வையம் என்னைக் காங்கோ நாட்டின் கின்ஷாசா நகருக்கு இட்டுச் சென்றது.

அங்கே இரவு உறங்கும் பொழுதன்று. மட்டோங்கே பகுதியின் மதுக்கூட முற்றங்களில் ஆடலும் பாடலும் நெடுநேரம் நீளும். 2021இல் யுனெஸ்கோவின் மரபுரிமைப் பட்டியலில் இடம்பெற்ற காங்கோ ரும்பா வளர்ந்த நகரங்களுள் அதுவும் ஒன்று. ரும்பாவை ஈண்டு விரிக்கப் போவதில்லை. என் நெஞ்சைத் தொட்டது தெருவிசை.

லிக்கெம்பே என்றொரு கருவி. சிறு மரப்பெட்டியின்மேல் உலோக நாக்குகள், கட்டைவிரல்களால் மீட்டுவர். (யாழோடு ஒப்பிடும் ஆசையை, தமிழாசிரியையாயினும், அடக்கிக் கொள்கிறேன்.) அதன் மெல்லொலியைத் தெருவின் ஓசை விழுங்கிவிடும். அங்கோலா எல்லைப்புறத்துச் சோம்போ இன இசைமரபில் வந்த மிங்கியேடி என்னும் கலைஞர், பழைய வாகன உதிரிகளின் காந்தங்களைக் கொண்டு ஒலிவாங்கி செய்து, ஒலிபெருக்கியோடு இணைத்தார். ஒலி பெருகிற்று; கூடவே கரகரப்பும் புகுந்தது. இலக்கணம் அதனைக் குற்றம் என்னும். அவருடைய 'கொனோனோ நம்பர் 1' குழுவினரோ அதனையே தம் இசையின் உறுப்பாக்கினர். தாளத்திற்கும் வண்டிகளின் உலோகப் பாகங்களையே தட்டினர். 'காங்கோட்ரானிக்ஸ்' என்னும் இசைத்தொகுப்பின் வழியே ஐரோப்பாவும் அவர்களைக் கேட்டது. மிங்கியேடி 2015இல் மறைந்தார்.

ஐயுற்ற கவிஞர் இசைந்தால், அப்பதிவை அடுத்த அமர்வில் சேர்ந்து கேட்போம். முதன்முறை செவி நோகும், எனக்கும் நொந்தது.