நச்சு மையில் ஓர் அகராதி

சொற்களை வரிசைப்படுத்துதல் தீங்கற்ற தொழில் என்பார் உளர். செர்பிய எழுத்தாளர் மிலோராத் பாவிச் அவ்வாறு கருதவில்லை. 1984-இல் வெளிவந்த அவரது 'கசார் அகராதி', அகராதி வடிவிலேயே அமைந்த புதினம். அதில் டௌப்மனுஸ் என்னும் அச்சகத்தார் 1691-இல் 500 படிகள் அச்சிடுகிறார். ஒரு படிக்கு மட்டும் நச்சு மை, பொற்பூட்டு. படித்தவர் எவரும் 9-ஆம் பக்கத்தைக் கடந்ததில்லை. வாசகரைக் கொல்லும் பதிப்பாளர் வணிகத்தில் எங்ஙனம் பிழைப்பார் என்று கேட்கத் தோன்றுகிறதன்றோ!

நூலின் உயிர்நிலை கசார் இளவரசி அட்டேயிடம் உள்ளது. உறக்கத்தில் பகைவர் அணுகாதவாறு இரவுதோறும் அவள் இமைகளில் எழுத்துகள் தீட்டப்படும், படித்தவர் மடிவர். ஆகவே தீட்டுவோர் பார்வையற்றோர். விரைந்து காட்டுவதொன்று, தாழ்த்திக் காட்டுவதொன்று என ஈர் ஆடிகள் அவளுக்குப் பரிசாக வருகின்றன. கண்ணிமைப்பதற்கு முன்னும் பின்னும் மூடியிருந்த தன் இமைகளை அவற்றில் காண்கிறாள். தன் எழுத்தாலேயே இறக்கிறாள்.

இவை கற்பனை. கசார்கள் கற்பனையல்லர். 7 முதல் 10-ஆம் நூற்றாண்டு வரை கருங்கடலுக்கும் காசுபியன் கடலுக்கும் இடையே ஆட்சி புரிந்தவர்கள். பெயர்களும் மிகச் சில சொற்களும் தவிர அவர்தம் மொழி எஞ்சவில்லை. அம்மக்களுக்கே பாவிச் அகராதி செய்தார். கிறித்தவர்க்குச் சிவப்பு நூல், இசுலாமியர்க்குப் பச்சை நூல், யூதர்க்கு மஞ்சள் நூல் என அதில் மூன்று பகுதிகள் உண்டு; கசார்கள் தாமே உரைத்த நான்காம் நூல் இல்லை.