மலையும் தீவும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



"நீ போய்வந்த பிரயாணத்தைப் பற்றிச் சற்றுப் பேசு" என்று நமது செயலாளர் அண்ணா கேட்டபோது, கண்ட காட்சிகளை வரிசையாகச் சொல்லி முடித்துவிடலாம் என்றே நினைத்தேன். நான் படித்த மிஷன் பாடசாலையில், எங்கு சென்றாலும் நாட்குறிப்பு எழுத வேண்டும் என்று பழக்கியிருந்தார்கள். அந்தக் குறிப்புப் புத்தகத்தை எடுத்துப் புரட்டியபோதுதான், காட்சிகளை மட்டும் சொன்னால் பாதி உண்மையை மறைத்தவனாவேன் என்று தோன்றியது. ஆகையால் மறைக்க விரும்பியதையும் சேர்த்தே சொல்லப்போகின்றேன். பெரியோர்கள் பொறுத்தருள வேண்டும்.

2023 ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதக் கடைசியில், பல்கலைக்கழக விடுமுறையின்போது, ஒரு சுற்றுலாக் குழுவுக்கு உதவியாளனாகச் செல்லும் வாய்ப்புக் கிடைத்தது. ஏழு நாட் பிரயாணம். பிரயாணிகள் 12 பேர். அவர்களுள் எண்மர் பிறநாட்டார். நால்வர் கொழும்பிலிருந்து வந்த ஒரு தமிழ்க் குடும்பத்தினர். வழிகாட்டி ஒருவர், சாரதி ஒருவர், பெட்டிகளை ஏற்றி இறக்கவும் தமிழ் பேச வேண்டிய இடத்தில் பேசவும் நான். அட்டனில் புறப்பட்டு, நுவரெலியா, ஹோட்டன் சமவெளி, எல்ல ஆகிய இடங்களைப் பார்த்துவிட்டு, கண்டி, மாத்தளை வழியாக மன்னாருக்கு இறங்கி, யாழ்ப்பாணத்துத் தீவுகளிலே முடிப்பது திட்டம்.

சிறு குழுவாகச் செல்வதில் ஒரு நன்மை உண்டு. ஐம்பது பேர் பஸ்ஸில் போனால் முன்னால் இருப்பவரின் பிடரியைத்தான் அதிகம் பார்ப்போம். பன்னிருவர் போனால் இரண்டாம் நாள் மாலைக்குள் ஒருவர் பெயர் ஒருவருக்குத் தெரிந்துவிடும். ஒருவர் "நிறுத்துங்கள்" என்றால் வண்டி நிற்கும். ஒருவர் கேட்ட கேள்வி எல்லோருக்கும் சொந்தமாகிவிடும். இந்தக் கடைசிச் சங்கதிதான் என்னை மாட்டிவைத்தது.

முதல் நாள் டெவன், சென்கிளயார் அருவிகளைப் பார்த்துக்கொண்டு தலவாக்கலை வழியாக நுவரெலியா சென்றோம். மறுநாள் விடியுமுன் எழுந்து ஹோட்டன் சமவெளிக்கு ஏறினோம். கடல் மட்டத்துக்கு மேலே 2,000 மீற்றருக்கும் அதிக உயரத்தில் புல்வெளி பரந்து கிடக்கின்றது. மகாவலி, களனி, வளவை ஆகிய மூன்று ஆறுகளுக்கும் அங்கிருந்து நீர் இறங்குகின்றது என்று வழிகாட்டி சொன்னார். "உலக முடிவு" என்னும் செங்குத்தான விளிம்பிலே நின்றபோது தென்திசைச் சமவெளி முழுதும் எங்கள் காலடியில் கிடந்தது. பத்து மணியாவதற்குள் மூடுபனி திரை போட்டுவிட்டது. பிந்தி வந்தவர்கள் வெள்ளைச் சுவரைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்கள். மலைநாட்டில் பிறந்த நான் அதற்கு முன் அங்கு சென்றதே இல்லை. நம்மில் எத்தனை பேர் சென்றிருக்கின்றோம்?

மூன்றாம் நாள் நானுஓயாவிலிருந்து எல்லவுக்குப் புகையிரதம். 1885 இல் நானுஓயாவை எட்டிய இந்தப் பாதை, பதுளையைச் சேர்ந்தது 1924 இல். பட்டிப்பொல தாண்டிச் சுரங்கம் கடந்ததும் ஊவாவின் மலைகள் திறந்துகொண்ட காட்சியைக் கண்டு, அதுவரை பேசிக்கொண்டிருந்தவர்கள் எல்லோரும் வாயடைத்துப் போனார்கள்.

நான் சொல்ல வந்த சம்பவம் இதற்கு முதல்நாள் மாலையில் நடந்தது. நுவரெலியாவுக்குக் கீழே ஒரு திருப்பத்தில் வண்டியை நிறுத்தி, எல்லோரும் இறங்கித் தேயிலை மலையைப் பார்த்துக்கொண்டிருந்தோம். வழிகாட்டி வல்லவர், அனுபவம் மிகுந்தவர். 1867 இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டதையும், 1869 இல் தோன்றிய இலைநோய் கோப்பிப் பயிரை அழித்ததையும், 1890 இல் லிப்டன் இங்கு வந்து தோட்டங்கள் வாங்கியதையும் சுவையாகச் சொன்னார். பிறகு கொழுந்து பறித்துக்கொண்டிருந்த பெண்களைக் காட்டி, "இவர்கள் சிரித்துக்கொண்டு படத்துக்கு நிற்பார்கள், ஏதாவது கொடுத்தால் போதும்" என்றார். அவ்வளவுதான். வந்த கப்பலுக்கும் வாங்கிய துரைக்கும் கதை இருந்தது. கூடை சுமந்தவளுக்கு இல்லை.

அப்போது கொழும்புக் குடும்பத்துச் சிறுவன், பத்து வயது இருக்கும், "அண்ணா, இவங்க எல்லாம் எங்கயிருந்து வந்தாங்க?" என்று என்னிடம் கேட்டான். நான் பதில் சொல்லவில்லை. படம் எடுப்பதற்காக ஒரு முதிய தாயிடம் பேச என்னை அனுப்பினார்கள். அந்த அம்மா என் முகத்தைப் பார்த்தார். என் பேச்சைக் கேட்டார். "தம்பி, நம்ம புள்ளையா? எந்தத் தோட்டம்?" என்று கேட்டார்.

சபையோரே, நான் பிறந்தது லயக் காம்பராவில். என் தாயார் கொழுந்தெடுத்துத்தான் என்னைப் பல்கலைக்கழகம் வரை அனுப்பினார். ஆனால் அந்த மாலையில், அந்தப் பன்னிருவர் முன்னிலையில், "தோட்டமில்லை அம்மா, அட்டன் டவுன்" என்று சொல்லிவிட்டேன். அந்த அம்மா ஒன்றும் சொல்லாமல் கூடையைச் சரிசெய்துகொண்டு நடந்தார். மிஷன் பாடசாலையில் வேதபாடம் கேட்டு வளர்ந்தவன் நான். குருவை அறியேன் என்று பேதுரு மறுதலித்தபோது சேவல் கூவிய கதை எனக்கு மனப்பாடம். அன்றிரவு நுவரெலியாக் குளிரிலே எனக்கு உறக்கம் வரவில்லை.

நான்காம் நாள் கண்டியைத் தாண்டி மாத்தளைக்கு வந்தோம். முத்துமாரியம்மன் கோயிற் கோபுரத்தைப் பார்க்க வண்டி நின்றது. அங்கிருந்து தம்புள்ளை வழியாக வடக்கே செல்லும்போது, நாம் வந்த வழியிலேயே நான் திரும்பிப் போய்க்கொண்டிருக்கின்றேன் என்பது திடீரென்று உறைத்தது. கோப்பிக் காலத்தில் நம் முன்னோர் தோணியில் மன்னார்க் கரையிறங்கி, 200 கிலோமீற்றருக்கு மேற்பட்ட தூரத்தைக் காட்டு வழியே கால்நடையாகக் கடந்து மாத்தளைக்கு வந்தார்கள். கொலராவும் காய்ச்சலும் வழியிலே பலரைக் கொண்டன. அந்த 200 ஆண்டு நினைவாக, நாங்கள் சென்றதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான், 2023 ஜூலை 28 இல் தலைமன்னாரில் புறப்பட்டு ஆகஸ்ட் 12 இல் மாத்தளையை அடைந்தது ஒரு நடைபவனி. நாங்கள் குளிரூட்டிய வண்டியில் சில மணி நேரத்தில் கடந்த வழி அது.

யோசித்துப் பாருங்கள்! அவர்கள் வந்ததும் சிறு குழுவாகத்தான். அவர்களுக்கும் ஒரு வழிகாட்டி இருந்தார். அவர் பெயர் கங்காணி. தன் ஊராரையும் உறவினரையும் சேர்த்துக்கொண்டு, முன்பணம் கொடுத்து அழைத்து வந்தார். ஆனால் அந்த வழிச்செலவு தொழிலாளியின் தலையிலே கடனாக ஏறியது. ஒரு தோட்டத்தை விட்டு மற்றொன்றுக்குப் போக வேண்டுமானால் கடனை எழுதிய "துண்டு" வேண்டும். கடனை ஏற்க வேறு தோட்டம் வேண்டும். 1921 ஆம் ஆண்டுச் சட்டத்தினால்தான் அந்தத் துண்டு முறை ஒழிந்தது. நாங்கள் பணம் கட்டிப் போய் வீடு திரும்பும் பிரயாணம் செய்தோம். அவர்கள் கடன்பட்டு வந்து, திரும்ப முடியாத பிரயாணம் செய்தார்கள்.

ஐந்தாம் நாட் காலையில் தலைமன்னார் இறங்குதுறையைப் பார்க்க வேண்டுமென்று நானே வழிகாட்டி ஐயாவிடம் கேட்டுக்கொண்டேன். திட்டத்தில் அது இல்லை, ஆயினும் இசைந்தார். 1914 முதல் தனுஷ்கோடிக்குக் கப்பல் ஓடிய துறை அது. 1964 டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழிந்தபின் இராமேஸ்வரத்துக்கு ஓடி, 1984 அளவில் நின்றுபோனது. இப்போது காற்றும் அலையும்தான். அந்தச் சிறுவன் மறுபடியும் என்னருகில் வந்து நின்றான். அவனுக்குப் பதில் சொல்லத் தொடங்கினேன். சற்று நேரத்தில் பன்னிருவரும் சூழ்ந்து நின்றார்கள்.

1948 இல் நம் மக்களின் பிரசாவுரிமை போனதைச் சொன்னேன். 1964 அக்டோபரில் இரு பிரதமர்கள் செய்த உடன்படிக்கையில் 525,000 பேர் இந்தியாவுக்கு என்றும் 300,000 பேர் இலங்கைக்கு என்றும் பங்கிடப்பட்டதைச் சொன்னேன். எஞ்சி நின்றவர்களுக்கும் வழி பிறக்க 2003 ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க நேர்ந்ததைச் சொன்னேன். பிறகு என் அம்மாயியின் கதையைச் சொன்னேன். அம்மாயியின் அக்காள் குடும்பம் இந்தியாவுக்குப் போனவர்கள். அட்டன் புகையிரத நிலையத்தில் வண்டி நகர்ந்தபோது, ஜன்னலில் பிடித்த கையை விடாமல் அம்மாயி மேடையின் கடைசி வரை ஓடினாராம். அதன்பின் அக்காளைப் பார்க்கவில்லை. எழுபது வயது கடந்த என் அம்மாயி இன்றுவரை கடலைக் கண்டதில்லை. அவருக்குக் கடல் என்றால் அக்காளைக் கொண்டுபோன ஒன்று, அவ்வளவே. கடைசியாக, "நான் தோட்டத்துப் பிள்ளை, அன்று அந்த அம்மாவிடம் பொய் சொன்னேன்" என்றும் சொல்லிவிட்டேன்.

சிறிது நேரம் ஒருவரும் பேசவில்லை. வழிகாட்டி ஐயா என் தோளில் கைவைத்து, "தம்பி, இதை எனக்கு ஒருவரும் சொல்லித் தரவில்லையே!" என்றார். அதில் வஞ்சகமில்லை. சொல்ல வேண்டியவர்கள் நாம், நாம் சொல்லவில்லை.

பின்பு பூநகரி வழியாக யாழ்ப்பாணம் சேர்ந்து, மறுநாள் குறிகட்டுவானில் படகேறினோம். நயினாதீவில் நாகபூஷணி அம்மனைத் தரிசித்துக்கொண்டு நெடுந்தீவு சென்றோம். காற்றுக் காலமாதலால் படகு நன்றாக ஆடியது. மலைநாட்டானாகிய நான் கண்ணை மூடிக்கொண்டு முருகனை நினைத்தேன். நெடுந்தீவிலே மலை இல்லை, அருவி இல்லை. நல்ல தண்ணீரே அரிது. பனையும், பவளக்கல் அடுக்கிய மதில்களும், வெட்டவெளியில் மேயும் குதிரைகளும், பழைய கோட்டையின் இடிந்த சுவர்களுமே உண்டு. ஆனால் எங்களை அழைத்துச் சென்ற தீவுக்காரரின் பேச்சைக் கேட்க வேண்டும்! "இது எங்கட பாட்டன் அடுக்கின மதில்", "இது எங்கட கிணறு", "இந்தக் குதிரையள் பறங்கியர் காலத்தில வந்ததுகள்" என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கதை. 1985 மே 15 இல் குமுதினிப் படகிலே வெட்டுண்டு மாண்டவர்களையும் அவர் சொல்லாமல் விடவில்லை. அழகையும் சொன்னார், துயரையும் சொன்னார். இரண்டையும் தலை நிமிர்ந்து சொன்னார். வந்தவர்கள் அவரைப் படம் பிடிக்கவில்லை; அவர் சொன்னதைக் கேட்டார்கள். அங்கே அவர் வீட்டுக்காரர், நாங்கள் விருந்தினர். நம் மலையில் நாம் யார்? காட்சிப் பொருளா, வீட்டுக்காரரா?

இதுதான் நான் உங்கள் முன் வைக்க விரும்பும் கேள்வி. குறை சொல்வதற்காக இதைக் கேட்கவில்லை. நம்மால் செய்யக்கூடிய காரியங்கள் மூன்று இருக்கின்றன.

முதலாவது, பெரியோர்கள் பேச வேண்டும். வாலிபர்கள் எழுத வேண்டும். நமது தோட்டங்களுக்குத் துரைமார் வைத்த பெயர் ஒன்று, நம்மவர் வழங்கும் தமிழ்ப் பெயர் ஒன்று. அந்தப் பெயர் ஏன் வந்தது, கோயிலை யார் கட்டினார்கள், முதலில் வந்த கங்காணி எந்த ஊரார் என்பவற்றை அங்கத்தவர் ஒவ்வொருவரும் தத்தம் தோட்டத்தில் கேட்டு எழுதி, அடுத்த ஆண்டு மலருக்குத் தர வேண்டும்.

இரண்டாவது, மொழி கற்ற நம் சகோதர சகோதரிகள் வழிகாட்டித் தொழிலுக்கு முன்வர வேண்டும். சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை பயிற்சி பெற்றவர்களுக்கு அனுமதிப்பத்திரம் வழங்குகின்றது. தமிழும் சிங்களமும் ஆங்கிலமும் தெரிந்த ஒரு தோட்டத்துப் பெண் அந்தத் திருப்பத்திலே நின்று, டெய்லரின் கதையோடு தன் பாட்டியின் கதையையும் சொல்வாளானால், கேட்பவர்களுக்கு அந்தப் பச்சை மலை இன்னும் அழகாகவே தோன்றும். ஊதியமும் நம் வீட்டுக்கு வரும்.

மூன்றாவது, நாமும் பிரயாணிகளாக வேண்டும். பிறர் வந்து பார்க்கும் உலக முடிவை நாம் பார்க்க வேண்டாமா? மாதந்தோறும் சிறு தொகை சேர்த்து, ஆண்டுக்கொரு முறை பன்னிருவரை அனுப்புவோம். அறுவர் பெரியோர், அறுவர் இளையோர். மலையைப் பார்த்துவிட்டு மன்னாருக்கு இறங்கி, தீவு வரை செல்லட்டும். வழியெல்லாம் பெரியவர்கள் சொல்லட்டும், பிள்ளைகள் கேட்கட்டும்.

வீடு திரும்பிய அன்று, போத்தலில் கொண்டுவந்த தலைமன்னார்க் கடல்நீரை அம்மாயியிடம் கொடுத்தேன். விரலை நனைத்து நாக்கில் வைத்துப் பார்த்து, "இம்புட்டு உப்பா!" என்றார். பிறகு வெகுநேரம் கழித்து, "நானும் ஒருதரம் போய்ப் பாத்துட்டு வரணும் சாமி" என்றார்.

அந்த ஆறு பெரியோர்களில் முதற்பெயராக என் அம்மாயியின் பெயரை எழுதிக்கொள்ளுமாறு செயலாளர் அண்ணாவைத் தாழ்மையுடன் கேட்டுக்கொள்கின்றேன்.